ரஷ்யாக்காரருக்கான சாவு

போன கிழமை சிட்னியில், பிளாக்டவுன் கடையில் ஒரு வினாகிரிப் போத்தல் விழுந்து உடைந்தது. எல்லாரும் மூக்கைப் பொத்திக்கொண்டு விலக, நான் மட்டும் நின்று அந்தப் புளித்த மணத்தை ஆசையாக முகர்ந்தேன். "அப்பப்பா, ப்ளீஸ்!" என்று பேரன் வெட்கத்தில் கையைப் பிடித்து இழுத்தான். அவனுக்கு என்ன தெரியும்? பழைய ஃபிலிம் கெட்டுப்போனால் இதே மணம்தான் வரும். எனக்கு மிஸ்டர் ஆக்செல் ஞாபகம் வந்துவிட்டார்.

எழுபதுகளின் நடுவில் நானும் மனைவி ராணியும் செவன் ஹில்ஸில் அவர் வீட்டுப் பின்னறையில் குடியிருந்தோம். எஞ்சினியர் பட்டத்தோடு வந்திறங்கிய எனக்குக் கிடைத்தது ஃபிலிம் கழுவும் வேலை. ஊருக்கு எழுதும் கடிதங்களில் 'சினிமாத்துறை' என்று போட்டுக்கொள்வேன்.

உண்மையான சினிமாக்காரர் அவர்தான். எண்பதைத் தாண்டிய டென்மார்க்காரர். படங்கள் பேசாத காலத்தில் நாற்பது படங்களில் நடித்தவராம். படம் பேசத் தொடங்கியதும் அவருடைய மொழி யாருக்கு விளங்கும்? கப்பலில் சமையல்காரராக ஏறி சிட்னியில் இறங்கிவிட்டார். தெருவில் ஒருத்தரும் இதை நம்பவில்லை. பக்கத்து வீட்டு பஸ் ட்ரைவர் கென் அவரைக் கண்டால் தொப்பியைக் கழற்றி, "ஸ்டார் வாறார், வழி விடுங்கோ!" என்பார். (அவர்களுடைய இங்கிலீசை என் யாழ்ப்பாணத் தமிழில் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.)

"நான் என்னத்தில கெட்டிக்காரன் தெரியுமோ? சாகிறதில!" என்பார் ஆக்செல். அந்நாளில் அங்கே ஒரே படத்துக்கு இரண்டு முடிவு எடுப்பார்களாம். ரஷ்யாவுக்குப் போகும் பிரதியில் கதாநாயகன் சாகவேண்டும்; சோக முடிவுதான் அவர்களுக்குப் பிடிக்குமாம். மற்ற ஊர்களுக்குப் பிழைத்துக் கல்யாணம் கட்டவேண்டும். "கல்யாணம் எந்த மடையனும் கட்டுவான்" என்று சிரிப்பார்.

ஒருநாள், டென்மார்க்கில் செத்துப்போன அவருடைய தமக்கையின் பெட்டிக்குள் கிடந்ததென்று ஒரு தகரப்பெட்டி தபாலில் வந்தது. உள்ளே அவர் நடித்த படம், வீட்டில் போட்டுப் பார்க்கிற சின்னப் பிரதி. திறந்ததும் வினாகிரி மணம். ஒரு கிழமையாக, வேலையிடத்தில் மதியச் சாப்பாட்டு நேரங்களில் வைத்துத் துடைத்தேன். "ஒருக்கா ஓடும். பிறகு சொல்லேலாது" என்றேன். மனுசன் தெருவையே கூப்பிட்டுவிட்டார். "ஞாயிறு பின்னேரம் வந்து நான் சாகிறதைப் பாருங்கோ!"

சுவரில் வெள்ளை விரிப்பைக் கட்டிப் படத்தை ஓட்டினேன். அட, வாலிப ஆக்செலின் நடையைப் பார்க்கவேண்டுமே! ராணி வாயைப் பிளந்தபடி இருந்தாள். படத்தில் சுடுபட்டார், விழுந்தார். பிறகு ஆஸ்பத்திரியில் கண்ணை விழித்தார். மாலை, பூ, கல்யாணம்! கென் முதலில் சிரித்தார், பிறகு எல்லாரும். ஒரு கிழமை துடைத்த நான் முடிவைப் பார்க்கவில்லை, பாருங்கள் என் கெட்டித்தனத்தை. அவர் முகத்தைப் பார்க்காமல் ஃபிலிமைத் திருப்பிச் சுற்றத் தொடங்கினேன்.

"இது என்ரை வேலை இல்லை" என்று ஆக்செல் எழும்பினார். கதிரையைத் தள்ளி வைத்துவிட்டு, வெள்ளை விரிப்புக்கு முன்னால் வந்து நின்றார். கத்தவில்லை, கண்ணை உருட்டவில்லை. நெஞ்சைக் குனிந்து ஆச்சரியமாகப் பார்த்தார். வெளியே போகிறவர் போல, கோட்டின் மேல் பொத்தானை மெதுவாகப் பூட்டினார். கதிரையைப் பிடிக்கக் கையை நீட்டினார். அது அங்கே இல்லை. முழங்கால் மடிந்தது, தோள் சரிந்தது. ஒரு கை மட்டும் கொஞ்ச நேரம் மேலே நின்று, பிறகு அதுவும் விழுந்தது.

"ஐயோ, மனுசன் செத்துப்போச்சுதப்பா!" என்று ராணி பாய்ந்தாள். கென் தொப்பியைக் கழற்றினார். இந்த முறை கேலியில்லை.

ஒரு கண் திறந்தது. "ரஷ்யாக்காரருக்குப் பிடிச்சிருக்குமோ?"

நான் அழுதுவிட்டேன். அப்படி ஒரு நடிப்பைப் பிறகு எந்தப் பெரிய திரையிலும் நான் காணவில்லை.

இரண்டு வருடம் கழித்து ஆஸ்பத்திரியில், நித்திரையில், யாரும் பாராமல் உண்மையாகப் போனார். படம் பெட்டிக்குள்ளேயே உருகிக் கட்டியாகிவிட்டது. வீடு இருந்த இடத்தில் இப்போது அடுக்குமாடி.

கடையிலிருந்து வந்ததும் பேரனுக்கு நடித்துக் காட்டினேன். பொத்தானைப் பூட்டினேன், கதிரையைத் தேடினேன். கடைசியாக விழுந்தது இடக்கையா, வலக்கையா? அங்கேயே தடுமாறிப்போய் நின்றுவிட்டேன். ராணி என்றால் உடனே சொல்லியிருப்பாள். அடுப்படிப் பக்கம் திரும்பி, "இஞ்சேரும்" என்று கூப்பிட்டும் விட்டேன். அவள் போய் ஒரு வருடமாகிறது.