அழகம்மா பூசிய சிமெண்டு

அந்தக் கைகள் உளியைச் சாய்த்துப் பிடித்திருந்தன. நிமிர்த்திப் பிடித்தால் சிமெண்டு இரண்டாகப் பிளந்துவிடும். சுத்தியலை ஓங்காமல் மணிக்கட்டை மட்டும் அசைத்துத் தட்டியதில் ஓரத்தில் ஒரு துணுக்கு பெயர்ந்தது. விரல் அதைத் தள்ளிவிட்டது. உளி சற்று நகர்ந்தது. மறுபடியும் ஒரு தட்டு. மீன் செதில் சுரண்டிச் சுரண்டித் தடித்த விரல்கள் அவை. முழங்கை வரை சேறு.

பசார் தரையில் வெட்டிய அந்தக் குழியைச் சுற்றி ஒரு பக்கம் கடைக்காரர்கள் நின்றார்கள். எதிர்ப்பக்கம் நகராண்மைக் கழக அதிகாரியும் அவர் அழைத்து வந்த காண்ட்ராக்டரும். நடுவில், நீதிமன்றம் நியமித்த பொறியாளர் காளிதாசன்.

மழை பெய்தால் மீன் வரிசையில் கணுக்கால் அளவுக்குக் கழிவுநீர் நிற்கிறது. தரைக்கு அடியில் போகும் குழாயைக் கழகம் பராமரிக்கவில்லை என்று கடைக்காரர்கள் அலோர் ஸ்டார் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டிருந்தார்கள். நல்ல குழாயின் மேல் கடைக்காரர்களே அனுமதி இல்லாமல் சிமெண்டு பூசியதால், பாரத்தில் குழாய் உடைந்து அது உள்ளே விழுந்து அடைத்துக்கொண்டது, தப்பு அவர்களுடையது என்றது கழகம். கழகத்தின் வாதம் ஜெயித்தால் பசாரை மூடிவிடுவார்கள். மாற்றுக் கடையும் கிடைக்காது.

அதைப் பூசியவளும் இப்போது உளி பிடித்துப் பெயர்ப்பவளும் அழகம்மா. சுங்கைப் பட்டாணிக்குப் பக்கத்துத் தோட்டத்தில் பிறந்தவள். லயத்து வீட்டுக் கூரை ஒழுகினால் தோட்டத்துக் கணக்கெழுதும் கிராணியிடம் சொல்லிவிட்டுக் காத்திருக்க மாட்டார்கள் அங்கே. தகரம் தேடி எடுத்து அவர்களே அடித்துக்கொள்வார்கள். தோட்டம் விற்கப்பட்ட பிறகு கட்டட வேலைக்குப் போய்ச் சிமெண்டு குழைத்தாள். கொத்தனார்களைப் பார்த்துப் பார்த்துப் பூசவும் கற்றுக்கொண்டாள். கோலா கெடா மீன்துறையிலிருந்து மீன் எடுத்து விற்க வந்தது அதற்குப் பிறகுதான். ஒரு மழை நாளில் தன் கடை ஓரத்துத் தரைக்கல்லின் இடுக்கில் அழுக்குத் தண்ணீர் கொப்பளித்தபோது, கல்லைப் பெயர்த்து, உடைந்த குழாயைப் பார்த்து, பூசி, கல்லை மூடிவிட்டு வீட்டுக்குப் போனாள். புகார் கொடுக்கவோ படம் எடுக்கவோ தோன்றவில்லை. ஓட்டையைக் கண்ணால் கண்டது அவள் ஒருத்திதான்.

குழி வெட்டிய நாளன்று காலை காண்ட்ராக்டர் உடைக்கும் மெஷினோடு வந்தபோது அழகம்மா குறுக்கே நின்றாள்.

"மெஷின் வேணாம் சார். அது போட்டா சிமெண்டெல்லாம் உள்ள கொட்டிடும். முன்னாடியே விழுந்ததா, இப்ப விழுந்ததான்னு யாரு சொல்றது? நானே எடுக்கறேன்."

காளிதாசன் கொஞ்சம் யோசித்தார். "எடுங்கம்மா. ஆனா உங்க கையில உடைஞ்சா உங்க பக்கத்துக்குத்தான் கெடுதல்."

கடைக்காரர்களின் லாயர் மிஷெல் குழியோரம் குந்தினாள்.

"ஆன்ட்டி, அடியில என்ன இருக்கும்னு தெரியுமா?"

"ஓட்டையில கோணிச்சாக்கைத் திணிச்சிட்டுத்தான் மேல பூசுவேன். இல்லாட்டி ஈரச் சிமெண்டு உள்ள ஒழுகிடும்."

"அன்னைக்கும் திணிச்சீங்களா?"

அழகம்மா உளியின் முனையைத் துடைத்தாள். எப்போதும் திணிப்பாள். அன்று மழையும் அவசரமுமாக இருந்தது. என்ன செய்தோம் என்று எவ்வளவு யோசித்தும் நினைவு வரவில்லை.

கோழிக் கடை எர்னஸ்ட் எட்டிப் பார்த்தான். "என்னக்கா, ஆப்ரேஷனா? மயக்க ஊசி போட்டாச்சா?"

"உனக்குத்தான்டா போடணும். வாயை மூடு லா கொஞ்ச நேரம்."

யாரோ சிரிக்கத் தொடங்கி, நிறுத்திக்கொண்டார்கள். அதிகாரி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "சப்பாட் சிக்கிட், மக்சிக்" என்று மலாயில் அவசரப்படுத்தினார்.

மூன்று பக்கமும் சிமெண்டு குழாயை விட்டுவிட்டது. நான்காவது பக்கத்தில் உளியை வைத்ததும் சிமெண்டின் மேல் மயிர்க்கோடாக ஒரு விரிசல் ஓடியது. அழகம்மாவின் கை நின்றது. மிஷெல் கண்ணை மூடிக்கொண்டாள்.

"எர்னஸ்ட், என் மீன் கத்தி. மெல்லிசா இருக்குமே, அது."

இப்போது அவன் பேசாமல் எடுத்து வந்து கொடுத்தான். கத்தியின் அலகைச் சிமெண்டுக்கும் குழாய்க்கும் இடையே நுழைத்து, மீனின் முள்ளிலிருந்து சதையைப் பிரிப்பது போல, அழுத்தாமல் இழுத்தாள். விரிசல் நீளவில்லை. இரண்டு உள்ளங்கைகளையும் அடியில் கொடுத்தாள். சளக்கென்ற சத்தத்தோடு சிமெண்டு முழுசாக மேலே வந்தது.

குழாயின் முதுகில் கை நுழையும் அளவுக்கு ஓட்டை. காளிதாசன் டார்ச்சை அடித்துப் பார்த்தார். உள்ளே வண்டலும் மரவேரும் அடைத்துக் கிடந்தன. சிமெண்டு இல்லை.

அழகம்மா கையில் இருந்ததை மெதுவாகத் திருப்பினாள். அடிப்பக்கத்தில், பூசிய அன்றே இருந்த ஓட்டையின் உருவம் அப்படியே புடைத்திருந்தது. அதன் மேல் கோணிச்சாக்கின் நெசவு, இழை இழையாகப் பதிந்திருந்தது. மக்கிய நார் இரண்டு மூன்று இன்னும் ஒட்டிக்கொண்டிருந்தன. அதிகாரி குனிந்து பார்த்தார். காண்ட்ராக்டர் மெஷினின் வயரைச் சுருட்ட ஆரம்பித்தார்.

"கீழ வச்சா போயிடும் சார்," என்றாள் அழகம்மா. "விரிசல் இருக்கு. ரெண்டு கையாலயும் வாங்கிக்குங்க."

காளிதாசன் டார்ச்சைப் பையில் போட்டுவிட்டுக் குழியோரம் மண்டியிட்டு இரண்டு கைகளையும் நீட்டினார். அவர் கை அடியில் நன்றாகத் தாங்கிய பிறகே அவள் தன் கையை எடுத்தாள்.