கோதண்டபாணி மனைவி பூமாலை

பதினாறாம் நாள் காரியம் முடிந்து பந்தலைப் பிரித்துக்கொண்டிருந்தபோது சீனுவாசன் பூமாலையிடம் ஓர் உயிலை எடுத்து நீட்டினான். 2003 ஐப்பசியில் நெஞ்சு வலியில் இறந்த அவன் அண்ணன் கோதண்டபாணி எழுதியதாம். ஒலக்கூருக்குப் பக்கத்தில் இருந்த மூன்று ஏக்கர் நிலம், கிணறு, ஓட்டு வீடு எல்லாம் தம்பிக்கு. பூமாலைக்கு எழுத்துக் கூட்டிப் படிக்க வரும். தன் பெயரைத் தேடினாள். கடைசிப் பக்கத்தில் இருந்தது: "என் வீட்டில் வேலைக்கு இருந்துவரும் பூமாலை."

பத்து வருஷம் கோதண்டபாணியோடு குடும்பம் நடத்தியவள் அவள். 1993 ஆவணியில் பெருமுக்கல் மலைக்கோயிலில் அவன் அவளுக்குத் தாலி கட்டினான். அவன் தகப்பனார் இறந்து ஆறு மாதம்கூட ஆகாததால் பத்திரிகை அடிக்கவில்லை, மேளம் இல்லை, போட்டோ இல்லை. ரேஷன் கார்டு சீனுவாசன் பேரில் இருந்தது. அதில் இவள் பெயரைச் சேர்ப்பதாகச் சொன்னார்களே தவிர சேர்க்கவில்லை. வாக்காளர் அட்டையிலோ பிறந்த ஊரான கோலியனூர் முகவரியும் அப்பா பெயரும்தான். அதையெல்லாம் மாற்ற வேண்டும் என்று அவளுக்கோ கோதண்டபாணிக்கோ தோன்றியதே இல்லை.

மறுவாரம் வீட்டுக்குப் பூட்டு விழுந்தது. அதுவரை அண்ணி என்றவன், "இந்தாம்மா, ஒன் துணிமணிய எடுத்துக்கினு போ" என்றான்.

கோலியனூரில் அம்மாவின் குடிசைக்குப் போனாள். நடவுக்கும் களையெடுப்புக்கும் போய்க்கொண்டே திண்டிவனம் கோர்ட்டில் வழக்குப் போட்டாள். வாய்தா வாய்தாவாக நாலு வருஷம் ஓடியது. அவள் பக்கம் சாட்சி சொல்ல வந்தது ஒருத்திதான், பக்கத்து நிலத்துச் சவுரியம்மாள். கல்யாணத்தன்று கூடவே மலை ஏறியவள். அர்ச்சகரும் பூமாலையின் அப்பாவும் அதற்குள் இறந்துபோயிருந்தார்கள். எதிர்தரப்பு வக்கீல் சவுரியம்மாளிடம் கேட்டது ஒரே கேள்வி. தாலி கட்டியதைக் கண்ணால் பார்த்தீர்களா? அவள் மாதா கோயிலுக்குப் போகும் வேதக்காரி; மலைக்கோயிலுக்குள் போகாமல் வெளியே பாறையில் உட்கார்ந்திருந்தாள். மாலையும் கழுத்துமாக இருவரும் வெளியே வந்ததைத்தான் பார்த்தாள். பொய் சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை.

உயிலில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட இருவரில் ஒருவர் இறந்துவிட்டார். மற்றவர் சவுரியம்மாளின் புருஷன் சவுரிராயன். சீனுவாசன்தான் அவரைக் கூண்டில் ஏற்றினான். சவுரிராயன் கூண்டுக் கட்டையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்:

"கோதண்டபாணி கையெழுத்துப் போட்டத நான் பாக்கலைங்க. சீனு எழுதி எடுத்துக்கினு வந்து போடச் சொன்னாரு, போட்டேன். என்னா ஏதுன்னு படிக்கல. தப்புதாங்க."

2008இல் தீர்ப்பு வந்தது. உயில் நிரூபிக்கப்படவில்லை என்று வாசித்ததும் பூமாலை அழுதேவிட்டாள். வெளியே வந்த பிறகுதான் அவளுடைய வக்கீல் மீதியைச் சொன்னார். கல்யாணமும் நிரூபணம் ஆகவில்லை. உயில் செல்லாவிட்டாலும், மனைவியோ பிள்ளையோ இல்லாமல், பெற்றவர்களும் இல்லாமல் செத்தவனின் சொத்து உடன்பிறந்தவனுக்குத்தான் போகும். சீனுவாசன் பொய் உயிலே காட்டியிருக்க வேண்டியதில்லை.

அன்று அவள் பஸ் ஏறவில்லை. ரயில்வே கேட் பக்கம் போய் நின்றாள். வண்டிகள் போய்க்கொண்டிருந்தன. அவளைத் தேடி அலைந்த சவுரியம்மாள் அங்கே வந்து சேர்ந்தாள். பூமாலையின் முந்தானையைத் தன் கையில் ஒரு சுற்றுச் சுற்றிப் பிடித்துக்கொண்டாள். பஸ் ஸ்டாண்டு வரும்வரை அந்தப் பிடியை விடவில்லை.

அப்பீலுக்கு விழுப்புரத்தில் கலைமதி என்ற வக்கீலிடம் போனார்கள். வழக்குக் கட்டைப் படித்து முடித்து, குழந்தை குட்டி ஏதாவது உண்டா என்று அவர் கேட்டார். இல்லை என்றாள் பூமாலை. உண்டாகவே இல்லையா என்று மறுபடியும் கேட்டார். அப்போதுதான் சொன்னாள்.

"ஒண்ணு பொறந்திச்சு மேடம். தொண்ணூத்தாறு மாசியில. வீட்லயே. பொண்ணு. அழவேயில்ல."

அந்தக் குழந்தையைப் பற்றி அவளும் கோதண்டபாணியும் அதற்குப் பிறகு ஒரு வார்த்தை பேசிக்கொண்டதில்லை. அன்று அவன் எழுந்து நடக்கும் நிலையில் இல்லை. சீனுவாசன்தான் பிறப்பு இறப்பு எழுதும் மணியக்காரரிடம் போய்ப் பதிந்துவிட்டு வந்தான். கலைமதி மேசை மேல் இருந்த பேனாவை எடுத்தார்.

தாலுகா ஆபீசுக்கு எட்டு மாதம் நடந்தார்கள். அந்த வருஷத்துப் பதிவேடு இல்லை என்றார்கள். அப்புறம் வேறு ஊரின் காகிதக் கட்டில் இருக்கலாம் என்றார்கள். ஒருநாள் கறையான் ஓரம் தின்ற புத்தகம் ஒன்று அகப்பட்டது. இறந்து பிறந்த பெண் சிசு. தகப்பன் கோதண்டபாணி. தாய், அவர் மனைவி பூமாலை. தகவல் கொடுத்தவர் சீனுவாசன், சிசுவுக்குச் சித்தப்பா. கீழே அவன் கையெழுத்து.

நகலைக் கையில் வாங்கியபோது பூமாலைக்குச் சந்தோஷம் வரவில்லை. அந்தப் பிள்ளைக்கு அவர்கள் பெயர்கூட வைக்கவில்லை. இப்போது அது கோர்ட்டுக்கு வந்து அம்மாவுக்காகச் சாட்சி சொல்ல வேண்டியிருக்கிறது என்று சவுரியம்மாளிடம் சொல்லி அழுதாள்.

அந்தக் காகிதத்தைச் சாட்சியமாக ஏற்கக் கூடாது என்று எதிர்தரப்பு ஒரு வருஷம் வாதாடியது. கடைசியில் சீனுவாசனையே கூண்டில் ஏற்றி, இது உங்கள் கையெழுத்தா என்று கேட்டார் கலைமதி. ஞாபகமில்லை என்றான். மறுபடி கேட்டபோது ஆமாம் என்றான்.

2012 தையில் தீர்ப்பானது. பூமாலை கோதண்டபாணியின் மனைவி. நிலமும் வீடும் அவளுக்கே. சீனுவாசன் சென்னை ஹைகோர்ட்டில் மேல் அப்பீல் போட்டான். தீர்ப்புக்குத் தடை கிடைக்கவில்லை, ஆனால் வழக்கு முடியவும் இல்லை.

கோர்ட் அமீனா வந்து பூட்டை உடைத்துக் கொடுத்தபோது அவளுக்கு நாற்பத்தைந்து வயது. அம்மா அதைப் பார்க்க உயிரோடு இல்லை. கிணறு தூர்ந்துபோயிருந்தது. மானாவாரியாக ஒரு ஏக்கரில் மல்லாட்டைக் கடலை போட்டாள், மற்றது விதைக்காமல் கரம்பாகக் கிடந்தது. வரப்பில் எதிர்ப்பட்டால் சீனுவாசன் முகத்தைத் திருப்பிக்கொண்டு போவான். ஒருதரம் அவன் பெண்டாட்டி மட்டும் நின்று, "நல்லா இருக்கியாக்கா" என்று கேட்டாள். பூமாலை குனிந்து களையெடுத்துக்கொண்டிருந்தாள்.