கியோட்டோவில் கழற்றிய சட்டை

நோர்பரியில் என் பக்கத்து வீட்டுக்காரர் பெயர் றொன். ஓய்வுபெற்ற பஸ் சாரதி. ஏப்ரல் மாதத்தில் மேகம் கொஞ்சம் விலகி, வெயில் என்று சொல்லத்தக்க ஏதோ ஒன்று எட்டிப் பார்த்தால் போதும், மனிதர் சட்டையைக் கழற்றி எறிந்துவிட்டுப் பின்வளவில் துணிக் கதிரையை விரித்துப் படுத்துவிடுவார். முன்பக்கம் அவித்த இறால் நிறத்துக்கு வந்ததும் புரண்டு முதுகைக் காட்டுவார். வேலிப் பலகைக்கு மேலால் என்னைக் கண்டால் "அருமையான நாள்" என்பார். நான் கம்பளிச் சட்டைக்குள் கைகளை இழுத்துக்கொண்டு, பல் கிடுகிடுக்க, அருமைதான் என்பேன். "இஞ்சேருங்கோ, உந்த மனுசனுக்கு வெக்கமே இல்லையே?" என்று என் மனைவி வசந்தி குசினித் திரையை இழுத்து மூடுவாள். அதே வசந்திதான், வாடகை மண்டபத்தில் நடக்கும் எங்கள் கோயிலில், ஜனவரிக் குளிரில், "சேட்டைக் கழட்டிப்போட்டுக் கும்பிடுங்கோ, ஆக்கள் பாக்கினம்" என்று பின்னால் நின்று முழங்கையால் இடிப்பவள். சூரியனுக்குக் கழற்றினால் வெட்கக்கேடு, சிவனுக்குக் கழற்றினால் பக்தி. லண்டனில் ஒன்பது வருடம் குப்பை கொட்டியவனுக்கு எங்கே கழற்றலாம், எங்கே கூடாது என்பது அத்துப்படி என்றுதான் நினைத்திருந்தேன். கியோட்டோ நகரத்தில் ஒரு விடியற்காலை அந்த நினைப்பில் மண் விழுந்தது.

நான் போட்டோக்கொப்பி மெசின் திருத்துபவன். கொம்பனி சப்பானியருடையது. சிவபாலசிங்கம் என்ற என் பெயரை நேரமிச்சம் கருதி 'சிவ்' என்று வெட்டி வைத்திருந்தார்கள். தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு மார்ச் மாதம், புதிதாக வந்த ஒரு மெசினைப் படிப்பதற்கென்று என்னையும் கொலின் என்ற வெள்ளைக்காரப் பொடியனையும் ஒசாக்காவுக்கு அனுப்பினார்கள். ஒரு கிழமைப் படிப்பு. இடையில் வந்த ஞாயிற்றுக்கிழமை ஓய்வெடுக்கலாம் என்று சந்தோசப்பட்டோம். சப்பானியர் அகராதியில் ஓய்வு என்றால் காலை ஆறு மணிக்குக் கியோட்டோவில் ஒரு பாலத்தடியில் வரிசையில் நிற்பது. பழைய நகரத்தை வழிகாட்டியோடு நடந்து பார்க்கும் சுற்றுலாவுக்கு எங்கள் பெயரையும் கொடுத்திருந்தார்கள்.

அந்தப் பயணத்துக்கு நான் கொண்டுபோன நீலநிறப் பத்திரத்தைப் பற்றிச் சொல்லாமல் மேலே போக முடியாது. எண்பத்து நான்கில் நான் விமானம் ஏறிய அன்று, அம்மா எங்கள் ஊர் முருகனிடம் ஒரு நேர்த்தி வைத்தார். மகனுக்கு லண்டனில் இருக்க அனுமதி கிடைத்தால், அவன் வந்து கோயில் வெளிவீதியில் பிரதட்டை செய்வான் என்பது நேர்த்தி. சட்டையில்லாமல் மண்ணில் படுத்து, கைகளைத் தலைக்கு மேலே கூப்பிக்கொண்டு, விடியற்காலையில் கோயிலைச் சுற்றி உருளுவதுதான் பிரதட்டை. ஒப்பந்தம் போட்டது அம்மா, உருளப் போவது நான். என்னை ஒரு சொல் கேட்கவில்லை. முருகன் நாலு வருடத்தில் தன் பங்கை ஒழுங்காகச் செய்தார். என்னை அகதியென்று ஏற்றுக்கொண்டு பிரயாணப் பத்திரம் தந்தார்கள். அதில் அழகாக அச்சடித்திருந்தது: எல்லா நாடுகளுக்கும் செல்லும், இலங்கை நீங்கலாக. முருகனும் இமிக்கிரேசன்காரரும் முன்கூட்டியே கலந்து பேசிக்கொள்ளவில்லை என்பது தெளிவு.

அதன்பிறகு அம்மாவின் கடிதங்கள் எல்லாம் ஒரே முடிவுக்கு வந்தன. சண்டையால் ஊருக்கான பாதை பூட்டியிருந்ததால் ஒவ்வொன்றும் இரண்டு மாதம் பிந்தி வரும். நலம், நலமறிய ஆவல், நேற்று எங்கே குண்டு விழுந்தது என்ற விபரம், கடைசி வரியில் "தம்பி, நேர்த்தி நிக்குது, மறந்திடாதை." என் கார் பழுதானாலும் நேர்த்தி, வசந்திக்குக் கரு தங்காமல் போனபோதும் நேர்த்தி. நான் வாய்விட்டுச் சிரிப்பேன். ஆனால் எனக்குள்ளும் ஒரு விசர் நம்பிக்கை குடியிருந்தது. நேர்த்தி நிற்கும்வரை அம்மாவும் நிற்பார். நான் போய் உருளுவதைக் கண்ணால் பார்க்காமல் அந்த மனுசி கண்ணை மூடாது. எழுபத்திரண்டு வயது, நீரிழிவு, தலைக்கு மேலே விமானம். இவ்வளவுக்கும் எதிராக என்னிடம் இருந்தது அந்த நிலுவை நேர்த்தி ஒன்றுதான். இதை நான் வசந்திக்குக்கூடச் சொன்னதில்லை.

பாலத்தடியில் எங்களைப் பொறுப்பேற்றவர் நகமுரா என்ற அம்மையார். அறுபது வயதிருக்கும். வெள்ளைக் கையுறை, சின்ன மஞ்சள் கொடி, எறும்பின் சுறுசுறுப்பு. ஒவ்வொருவரும் பெயரும் நாடும் சொல்ல வேண்டும் என்றார். ஒரு ஒல்லாந்துக் குடும்பம், இரண்டு அவுஸ்திரேலிய ஆசிரியைகள், கொலின். என் முறை வந்ததும் "சிவ், லண்டன்" என்றேன். அவர் என் முகத்தைப் பார்த்தார், கொலினின் முகத்தைப் பார்த்தார், மறுபடி என்னிடம் வந்தார்.

"லண்டனா?"

"லண்டன்தான். நோர்பரி."

மரியாதை தெரிந்த மனுசி, அதற்குமேல் தோண்டவில்லை. லண்டனில் பஸ் தரிப்பில் நிற்பவர்கூட 'அதற்கு முன்னம் எங்கே' என்று நாலு தடவை கேட்பார். இங்கே ஒரே பதிலில் விட்டுவிட்டார்களே என்று நான் உள்ளுக்குள் குளிர்ந்துபோனேன். அந்தப் பொய்க்குத் தண்டனை இவ்வளவு கெதியில் வரும் என்று நினைக்கவில்லை.

ஒடுங்கிய கல்லொழுங்கைகள், மரவீடுகள். ஒரு வீட்டு வாசலில் ஒரு பெண் கூட்டிப் பெருக்கிவிட்டு, வாளித் தண்ணீரை அள்ளித் தெளித்துக்கொண்டிருந்தாள். நகமுரா அம்மையார் கொடியை உயர்த்தி எங்களை நிறுத்தினார். நூற்றாண்டுகளாக இந்த நகரத்தில் விடியற்காலையில் வாசலுக்குத் தண்ணீர் தெளிக்கும் வழக்கம் உண்டென்று தாழ்ந்த குரலில் விளக்கினார். ஒல்லாந்துக்காரர் மூச்சுவிடாமல் பார்த்தார்கள். கொலின் மண்டியிட்டுப் படம் எடுத்தான். "இவ்வளவு அழகான ஒன்றை நீ எங்கேயாவது கண்டிருக்கிறாயா, சிவ்?" என்று கேட்டான். நான் பதினெட்டு வயதுவரை இந்த அதிசயம் வீட்டு வாசலில் நடக்கும்போது தண்ணீர் முகத்தில் தெறிக்கிறதென்று கத்திக்கொண்டு எழும்பியவன். "இல்லை, கொலின்" என்றேன். லண்டன்காரன் என்று சொல்லியாயிற்று, அதற்குரிய வியப்பைக் காட்டத்தானே வேண்டும்.

கடைசியாக ஒரு பெரிய கோயில். வாசலில் தண்ணீர்த் தொட்டி, கை கழுவினோம். உள்வீதி முற்றம் முழுவதும் வெள்ளைக் குறுணிக்கல், கோடு கோடாக வாரிவிடப்பட்டிருந்தது. படிக்கட்டடியில் செருப்பு, சப்பாத்து எல்லாம் கழற்றச் சொன்னார்கள். மற்றவர்கள் ஒற்றைக்காலில் தள்ளாடிக்கொண்டு நாடாவோடு மல்லுக்கட்ட, நான் ஒரு நொடியில் வெறுங்காலோடு நின்றேன். "லண்டன்காரர் கெட்டிக்காரர்" என்று அம்மையார் மெச்சினார். அந்த நேரம் பார்த்து உள்ளே மணி அடித்தது. ஊதுபத்தி வாசம் வந்தது. காலுக்குக் கீழே சில்லென்ற பலகை. மண்டபத்துக்குள் இருட்டு இன்னும் முழுதாக விலகவில்லை. சத்தியமாகச் சொல்கிறேன், நான் ஒன்றும் யோசிக்கவில்லை. கை தன்பாட்டில் போய் வேலையைச் செய்தது. கோட்டைக் கழற்றினேன், கம்பளிச் சட்டையைக் கழற்றினேன், சேட்டைக் கழற்றி நாலாக மடித்துக் கையில் போட்டுக்கொண்டு, கம்பளியை இடுப்பில் சால்வைபோலச் சுற்றிக் கட்டினேன். நிமிர்ந்து பார்த்தால் பத்துப்பேரும் கற்சிலையாக நிற்கிறார்கள்.

"சிவ், உனக்குச் சுகமில்லையா?" என்றான் கொலின்.

நகமுரா அம்மையார் ஓடிவந்து என் நெற்றியில் கையுறையை வைத்துக் காய்ச்சல் பார்த்தார். கூடவே ஒரு இளம் பிக்குவும் வந்துவிட்டார். என் மானம் கப்பலேறிக்கொண்டிருந்தது. மார்ச் மாதக் குளிரில் என் தொப்பை வேறு தனியாக நடுங்கியது. காய்ச்சல் இல்லை, எங்கள் நாட்டில் ஆண்கள் கடவுளுக்கு முன் மேற்சட்டை போடுவதில்லை, அது மரியாதை என்று விளக்கினேன். அம்மையாரின் முகம் மலர்ந்தது. பையிலிருந்து குறிப்புப் புத்தகத்தை எடுத்தார்.

"லண்டனில்," என்று எழுதிக்கொண்டே கேட்டார், "அரச குடும்பத்து ஆண்களும் கழற்றுவார்களா?"

"நாங்கள் ஒருபோதும் அப்படிச் செய்வதில்லை!" என்று கொலின் தன் நாட்டைக் காப்பாற்றப் பாய்ந்தான். "இல்லை, சிவ், நீயே சொல்!"

சொல்லத்தான் வேண்டியிருந்தது. யாழ்ப்பாணம் என்றேன். லண்டன் என்று எழுதியதை அவர் கவனமாக ஒரு கோட்டால் வெட்டிவிட்டு, யாழ்ப்பாணத்தைத் தன் எழுத்தில் எழுதினார். அங்கே அடிக்கடி போய்க் கும்பிடுவீர்களா என்று கேட்டார். வேறு யாராவது கேட்டிருந்தால் ஏதாவது நக்கலாகச் சொல்லித் தப்பியிருப்பேன். சட்டையில்லாமல் நிற்பவனுக்கு நக்கல் வராது என்று அன்று தெரிந்துகொண்டேன். பத்திரத்தைப் பற்றிச் சொன்னேன், நேர்த்தியைப் பற்றிச் சொன்னேன். உருளுவதைக் கையால் சுழற்றிக் காட்டியதும் பிக்குவின் கண் தன் குறுணிக்கல் கோடுகளுக்குப் போனது. மெல்ல நகர்ந்து எனக்கும் அதற்கும் நடுவில் நின்றுகொண்டார்.

நகமுரா அம்மையார் சிரிக்கவில்லை. "எங்களிடமும் இருக்கிறது," என்றார். "கோயில் வாசலிலிருந்து மண்டபத்துக்கு நூறு தடவை வெறுங்காலோடு நடப்பது. என் அண்ணா போருக்குப் போனபோது அம்மா நடந்தார். அண்ணாவால் நடக்க முடியாதே, அவருக்காக அம்மா நடக்கலாம்."

"அண்ணா வந்தாரா?"

"இல்லை. அம்மா நூறையும் நடந்து முடித்தார்."

அவர் கொடியை உயர்த்தி மற்றவர்களை உள்ளே கூட்டிக்கொண்டு போய்விட்டார். நான் சேட்டைப் போட்டுக்கொண்டு பின்னால் போனேன். கோயில் சண்டைகளில் எத்தனை தடவை எரிந்தது, எத்தனை தடவை திருப்பிக் கட்டினார்கள் என்றெல்லாம் சொன்னார். எனக்கு ஒன்றும் காதில் ஏறவில்லை. இந்த மனுசியின் தாய் நடந்த கதையை ஏன் கேட்டேன் என்று என்னையே திட்டிக்கொண்டிருந்தேன்.

லண்டனுக்குத் திரும்பியபோது அம்மாவின் கடிதம் வந்திருந்தது. வசந்தி ஏற்கெனவே படித்துவிட்டாள் என்பது அவள் முகத்தில் தெரிந்தது. "நல்ல செய்திதானப்பா, பாரம் குறைஞ்சுது," என்று கையில் தந்தாள். தைப்பொங்கலுக்கு அடுத்த நாள் எழுதியது.

"தம்பி, உன்ரை நேர்த்தியை நான் தீர்த்துப்போட்டன். பிரதட்டை ஆம்பிளையளின்ரை எண்டபடியால் அடியழிச்சன். இனிமேல் வைச்சுக்கொண்டிருக்க ஏலாது எண்டு மனம் சொல்லிச்சுது. முழங்கால் கொஞ்சம் உரஞ்சிப்போச்சு, யோசியாதை. இனி நீ இதுக்கெண்டு இஞ்சை வரத் தேவையில்லை. அங்கையே நல்லா இரு."

அடியழித்தல் என்றால் அடிக்கொரு தடவை விழுந்து கும்பிட்டு எழும்பி வீதி முழுவதும் சுற்றுவது. எழுபத்திரண்டு வயது முழங்கால்கள். அழவேண்டும் போலிருந்தது, அதைவிடக் கோபம் வந்தது. யாரைக் கேட்டுத் தீர்த்தார்? வைக்கும்போதும் கேட்கவில்லை, தீர்க்கும்போதும் கேட்கவில்லை. ஊருக்கும் எனக்கும் இடையில் மிஞ்சியிருந்த ஒரே கட்டாயம் அது. பத்திரம் தடுத்தது, பாதை தடுத்தது, சரி, நேர்த்தி மட்டும் வா வா என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தது. அதையும் அவிழ்த்துவிட்டு, போ ராசா, நல்லாயிரு என்று அனுப்பிவைத்திருக்கிறார். இனி எதை நம்பி அந்த மனுசி உயிரோடு இருக்கும்? ஏப்ரல் போனது, மே போனது. அடுத்த கடிதம் வரவில்லை.

ஜூனில் ஒரு சனிக்கிழமை உண்மையாகவே வெயில் எறித்தது. வேலிக்கு அப்பால் றொன் வழமைபோல இறால் நிறத்தில் கிடந்தார். நான் பின்வளவுக்குப் போனேன். சேட்டைக் கழற்றி நாலாக மடித்துக் துணி காயப்போடும் கொடிக்கம்பத்தடியில் வைத்தேன். வசந்தி குசினி யன்னலில் நின்று பார்த்தாள், திரையை இழுக்கவில்லை. புல்லில் குப்புறப் படுத்து, கைகளைத் தலைக்கு மேலே நீட்டிக் கூப்பினேன். முருகா, அது அம்மாவின் நேர்த்தி, தீர்ந்தது. இது என்னுடையது. அவவின் கையால் இன்னொரு கடிதம் வரட்டும், பாதை திறக்கிற அன்று வந்து உருளுறன். அதுவரைக்கும் இது நிலுவையில் நிற்கட்டும்.

"கடைசியில் நீயும் எங்கள் ஆளாகிவிட்டாய், சிவ்!" என்று வேலிக்கு மேலால் றொன் சந்தோசமாகக் கத்தினார்.

நான் ஒரு புரளல் புரண்டேன்.

"அப்படித்தான்," என்றார் றொன். "மற்றப் பக்கமும் காயவேண்டும்."