கிளிக்குப் பதில் சொன்ன ஒட்டடைக்கோல்

“…அதனால கிளி மேல எனக்கு ஒரு விரோதமும் இல்லேம்மா. அது பாட்டுக்கு அடையாறுக்குப் போகட்டும். அங்கே தோட்டத்துல அவ்வளவு பெரிய ஆலமரம் இருக்கு, அதோட சொந்தக்காரா எல்லாரும் அதுலதான் குடியிருக்கா. அடுத்த சனிக்கிழமை பாராயணத்துக்கு நாலு பேர் வந்து உட்காரச்சே அது இந்த ஆத்துல இருக்கப்படாது. அது இருக்கும்னா நீங்க இருக்க மாட்டேள். அவ்வளவுதான் விஷயம்.”

எங்கள் வீட்டுக்கார மாமா மாடிப்படிக்குக் கீழே நின்றுகொண்டு, கையில் ஒட்டடைக்கோலோடு, இதை என்னிடம் சொன்னார். கோபமாகச் சொல்லவில்லை. ரயில் எத்தனை மணிக்கு என்று சொல்கிறவர் போலச் சொன்னார். அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

தொண்ணூறுகளின் நடுவில் மயிலாப்பூர் குளத்துக்குப் பின்னால் ஒரு சந்தில் அவர் வீட்டு மாடியில் நாங்கள் குடியிருந்தோம். என் வீட்டுக்காரர் பஸ் டிரைவர். நான் தி.நகரில் ஒரு பாத்திரக்கடையில் எவர்சில்வர் பிரிவில் நின்று பேசுகிறவள். விற்கிறவள் என்று சொல்லவில்லை, பேசுகிறவள் என்றேன். “உன் வாயைக் கழட்டி வாசல்ல மாட்டினா கடைக்கு போர்டே வேணாம்” என்பார் முதலாளி. முட்டைகூட வாங்கமாட்டோம் என்று வாக்குக் கொடுத்து அந்த மாடியைப் பிடித்தோம். கிளியைப் பற்றி வாக்கு எதுவும் கொடுக்கவில்லை. ஏனென்றால் அப்போது கிளி இல்லை.

அது நாங்கள் விலை கொடுத்து வாங்கியதல்ல. பட்டினப்பாக்கம் டிப்போ பக்கம் காத்தாடி மாஞ்சா நூலில் சிக்கி, இறக்கை கிழிந்து தொங்கிக்கொண்டிருந்ததை என் வீட்டுக்காரர் காக்கிச் சட்டைக்குள் போட்டுக் கொண்டுவந்தார். மாட்டாஸ்பத்திரி டாக்டர் தைத்துவிட்டு, “பொழைச்சுக்கும். ஆனா இனிமே பறக்காது” என்றார். அதனால்தான் ஆலமரம் என்று மாமா சொன்னதும் எனக்கு அவ்வளவு பயம். பறக்கத் தெரிந்த சொந்தக்காரர்கள் கிளைக்குப் போய்விடுவார்கள். இது தரையில் நிற்கும்.

ராத்திரி சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைத்துவிட்டு என் வீட்டுக்காரர் அதையேதான் சொன்னார். “தோட்டத்துல உட்டா காக்காவும் பூனையும் பங்கு போட்டுக்கும்மே. வூட்டைக் காலி பண்ணலாம்னா இந்த வாடகைக்கு வேற எங்க கீது?”

மாமா மேல் தப்புச் சொல்ல முடியாது. சனிக்கிழமை சாயங்காலம் அவர் கூடத்தில் பாராயணம். நண்பர்கள் கூடி உட்கார்ந்து ஒரே குரலில் சொல்லுவார்கள். கேட்க அவ்வளவு நன்றாக இருக்கும். அந்தக் கூடத்துக்கு நேர் மேலேதான் எங்கள் ஜன்னலும் கூண்டும். அதே நேரத்தில்தான் ஊர்க் கிளிகள் எல்லாம் கூட்டமாகக் கத்திக்கொண்டு தென்னை மரங்களுக்கு மேலே திரும்பும். மேலே ஒரு கூட்டம், கீழே ஒரு கூட்டம், நடுவில் எங்கள் கிளி. ஆரம்பிக்கும் பாருங்கள் ஒரு அலறல்! பிரஷர் குக்கர் விசிலை யாரோ காதுக்குள் வைத்த மாதிரி. கீழே மாமா ஒட்டடைக்கோலை எடுத்து, கட்டைப் பக்கத்தால் கூரையைக் குத்துவார். டொக், டொக், டொக். கிளி ஒரு நொடி நிறுத்தும். பாராயணம் தொடரும். மறுபடி அலறல். மறுபடி டொக், டொக், டொக்.

கடையில் யோசனைக்குப் பஞ்சமா? குடம் வாங்க வந்தவர் கொய்யாப்பழம் கொடுக்கச் சொன்னார். கத்தும்போதெல்லாம் ஓடிப்போய்க் கொய்யா கொடுத்தேன். வாயில் பழம் இருக்கும்வரை அமைதி, தீர்ந்ததும் முன்னைவிடப் பலமாக. இட்லிப் பானை வாங்க வந்த அம்மாள், “துணியைப் போட்டு மூடிடு, ராத்திரின்னு நெனைச்சுக்கும்” என்றார். என் வீட்டுக்காரரின் பழைய லுங்கியைப் போட்டு மூடினேன். சத்தம் நின்றது. எனக்கு ஒரே பெருமை. சில நாள் கழித்துப் பகலில் துணியை விலக்கிப் பார்த்தால் கூண்டுக்கு அடியில் ஒரே பச்சை இறகு. இருட்டில் உட்கார்ந்து தன் நெஞ்சைத் தானே பிய்த்துக்கொண்டிருந்தது. அன்றோடு லுங்கியைத் தூக்கி எறிந்தேன். அதற்கு அடுத்த சனிக்கிழமைதான் மாமா படிக்குக் கீழே வந்து நின்றது.

இப்போது அதிசயத்தைக் கேளுங்கள். மறுநாள் எனக்கு ஜலதோஷம் பிடித்துக் குரல் போய்விட்டது. சுத்தமாக, காற்றுகூட வரவில்லை. பேசாத என்னைக் கடையில் வைத்து என்ன செய்வார்கள்? லீவு போட்டுவிட்டு வீட்டில் படுத்திருந்தேன். கிளி கத்தியது. வழக்கமாக நான் அடுக்களையிலிருந்து, “சும்மா இரு! தோ வரேன்! வந்தேன்னா தெரியும்!” என்று மூன்றையும் சேர்த்துக் கத்துவேன். அன்று வாயைத் திறந்தால் ஒன்றும் வரவில்லை. கிளி கத்திவிட்டு, தலையைச் சாய்த்து என்னைப் பார்த்தது. மறுபடி கத்தியது. மறுபடி பார்த்தது. எனக்கு எழுந்திருக்கவும் தெம்பில்லை. அப்படியே கிடந்தேன்.

கொஞ்ச நேரம் போனதும் அது சின்னதாக ஒரு சத்தம் செய்தது. க்ளுக். நாக்கை மேல்வாயில் ஒட்டி எடுத்தால் வருமே, அந்தச் சத்தம். அது ஒன்றுதான் அன்றைக்கு என்னாலும் முடிந்த சத்தம். சும்மா விளையாட்டாக நானும் செய்தேன். க்ளுக்.

கிளி கம்பியில் இப்படியும் அப்படியும் நடந்தது. உடம்பு முழுக்க ஒரு உதறு உதறியது. க்ளுக், என்றது. நானும் க்ளுக். எழுந்து அடுக்களைக்குப் போனேன். என்னைக் காணோம் என்றதும் கத்த வாயைத் திறந்திருக்கும். அதற்குள் நான் உள்ளிருந்து க்ளுக் என்றேன். அலறலே இல்லை! பதிலுக்கு க்ளுக்!

எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்துவிட்டது. இத்தனை நாள் அது எங்களைத் தொல்லை பண்ணவில்லை. ‘எங்க இருக்கீங்க?’ என்று கேட்டுக்கொண்டிருந்தது. கூட்டத்தில் பிறந்த பிராணி, கூப்பிட்டுக் கூப்பிட்டுத்தான் வாழும். மெதுவாகக் கேட்டபோதெல்லாம் நாங்கள் காதில் வாங்கவில்லை. கத்தியபோது மட்டும் ஓடிப்போய்த் திட்டினோம், பழம் கொடுத்தோம், கைதட்டினோம். கத்தினால்தான் இந்த வீட்டில் பதில் வரும் என்று அதற்குப் பாடம் எடுத்ததே நாங்கள்தான்!

இதை உடனே யாரிடமாவது சொல்லாவிட்டால் வெடித்துவிடுவேன் போல இருந்தது. ஆனால் எப்படிச் சொல்வது? தொண்டைதான் இல்லையே. சாயங்காலம் என் வீட்டுக்காரர் வந்ததும் கையை ஆட்டி, கூண்டைக் காட்டி, நாக்கைச் சொடுக்கி, குதித்துக் காட்டினேன்.

“இன்னாம்மே, ஜுரம் தலைக்கு ஏறிக்கிச்சா?”

அவர் வாயைப் பிடித்து நானே திறந்து, நாக்கைக் காட்டி, செய்யவைத்தேன். க்ளுக். கிளி பதில் சொன்னது. அவர் முகத்தைப் பார்க்க வேண்டுமே. “டேய் நைனா!” என்று கூண்டுக்கு முன்னால் சப்பணம் போட்டு உட்கார்ந்துவிட்டார். காப்பி ஆறிப்போனது.

அந்த வாரம் எங்கள் வீட்டில் ஒரே சட்டம். கத்தினால் ஒருவரும் திரும்பக்கூடாது, கண்ணைக்கூடக் காட்டக்கூடாது. க்ளுக் என்றால் எங்கே இருந்தாலும் பதில். அவர் ஷேவிங் நுரைக்குள்ளிருந்து க்ளுக். நான் குளியலறையிலிருந்து க்ளுக். காலையில் கத்துவது குறைந்தது, மதியம் குறைந்தது. சாயங்காலம் மட்டும் கொஞ்சமும் குறையவில்லை. ஏன் என்று யோசித்துக்கொண்டே நின்றபோது, பாராயணம் இல்லாத நாளிலும், காலுக்குக் கீழே கேட்டது. டொக், டொக், டொக்.

பாதி திரும்பிய குரலோடு படியில் ஓடினேன். மாமா சாய்வு நாற்காலியில் இருந்தார்.

“மாமா, நீங்கதான் அதுக்குப் பதில் சொல்றீங்க!”

“நானா? யாருக்கு?”

“கிளிக்கு. ஒட்டடைக்கோலால.”

அடுக்களையிலிருந்து மாமி கரண்டியோடு வெளியே வந்துவிட்டார். “கல்யாணம் ஆன நாளா நான் கூப்பிட்டா ஒரு ‘ஏன்’ கிடையாது. மாடியிலேர்ந்து கிளி கூப்பிட்டா மட்டும் உடனே பதிலா?”

“நான் அதட்டறேன்டீ! பதிலா சொல்றேன்?”

“அதட்டல்னு அதுக்கு எப்படித் தெரியும், மாமா?” என்றேன். “அது ‘இருக்கீங்களா’ன்னு கேக்குது. நீங்க ‘இருக்கேன், இருக்கேன், இருக்கேன்’னு சொல்றீங்க. எங்க வீட்டுல நாங்க ரெண்டு பேரும் வாயை மூடிட்டோம். இப்ப அதுக்கு இருக்கிற ஒரே சிநேகிதர் நீங்கதான்.”

மாமி சிரித்த சிரிப்பில் கரண்டியிலிருந்து குழம்பு சொட்டியது. மாமா சிரிக்கவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“சரி, சனிக்கிழமை ஒரு நாள் தட்டாம இருந்து பார்க்கறேன். அன்னிக்கும் கத்தித்துன்னா ஞாயித்துக்கிழமை காலம்பற அடையாறு. அப்புறம் என்கிட்ட வந்து சொல்லப்படாது.”

நான் படியேறும்போது மாமி பின்னாலேயே வந்து ஒட்டடைக்கோலை என் கையில் திணித்தார். “இது உன்கிட்டயே இருக்கட்டும்டியம்மா. அவர் கை தானாப் போயிடும்.”

சனிக்கிழமை வந்தது. என் வீட்டுக்காரர் டியூட்டி மாற்றிக்கொண்டு வீட்டில் இருந்தார். கீழே பாய் விரிக்கும் சத்தம், பேச்சுச் சத்தம், பிறகு எல்லோரும் சேர்ந்து ஆரம்பித்தார்கள். தென்னைக்கு மேலே பச்சைக் கூட்டம் கத்திக்கொண்டு பறந்தது. எங்கள் கிளி நிமிர்ந்தது. ஆரம்பித்தது.

கீழேயிருந்து டொக் வரவில்லை.

கிளி தரையைக் குனிந்து பார்த்தது, சத்தியமாக. கத்திவிட்டுப் பார்த்தது. பதில் இல்லை. அதற்கப்புறம் கத்தியது பாருங்கள், அதுவரை அப்படியொரு அலறலை நான் கேட்டதே இல்லை. கிண்ணத்தைத் தள்ளிக் கொட்டியது, கம்பியைக் கடித்தது. கீழே பாராயணம் ஓரிடத்தில் தடுமாறியது. மாமாவின் குரல் மட்டும் உயர்ந்து எல்லோரையும் இழுத்துக்கொண்டு போனது. நான் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டேன். “முடிஞ்சிது, நாளைக்கி அடையாறுதான்” என்று என் வீட்டுக்காரர் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டு முணுமுணுத்தார். எனக்கும் நம்பிக்கை விட்டுப்போனது.

இப்போது யோசித்தால் அது எவ்வளவு இயல்பு! ஒரு வீட்டுக் கதவைத் தட்டுகிறோம், திறக்கவில்லை. உடனேயா திரும்பிவிடுகிறோம்? இன்னும் பலமாகத் தட்டிப் பார்த்துவிட்டுத்தானே போவோம்? கிளியும் அதைத்தான் செய்தது. அன்று அது எனக்குத் தெரியாது.

சட்டென்று சத்தம் நின்றது. கிளி மூச்சு வாங்கியது. என் பக்கம் ஒரு கண்ணைத் திருப்பி, க்ளுக், என்றது.

இரண்டு பேரும் ஒரே நேரத்தில் பதில் சொன்னோம். க்ளுக்! மறுபடி அது, மறுபடி நாங்கள். கீழே பாராயணம் ஆற்றுத் தண்ணீர் மாதிரி ஓடிக்கொண்டிருந்தது. மேலே நாங்கள் மூன்று பேரும் நாக்கைச் சொடுக்கிக்கொண்டிருந்தோம். என் வீட்டுக்காரர் சத்தமில்லாமல் ஆடினார். பஸ் ஓட்டுகிற மனிதர், தொப்பையைப் பிடித்துக்கொண்டு, கால் தரையில் படாத மாதிரி ஆடினார்.

அப்போது படியில் காலடிச் சத்தம். மாமா! பாராயணத்தை நடுவில் விட்டுவிட்டு மாமா மாடிக்கு ஏறி வந்திருந்தார். நாங்கள் குடிவந்த நாளிலிருந்து அவர் மேலே வந்ததே இல்லை. வாசற்படியில் நின்று மூச்சிரைத்தார்.

“ஏன் நின்னுடுத்து? அதுக்கு உடம்புக்கு ஒண்ணும் இல்லையே?”

எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது. நான் வாயைத் திறப்பதற்குள் கிளி அவரைப் பார்த்துவிட்டது. பேசும் குரலை வைத்து, கீழே இருந்து பதில் சொன்ன ஆள் இவர்தான் என்று கண்டுகொண்டதோ என்னவோ, கம்பியோடு ஒட்டி நின்று ஒரு அலறல் அலறியது. மாமா ஏதோ சொல்லப்போனார். நான் உதட்டில் விரலை வைத்தேன். வீட்டுச் சொந்தக்காரர் முகத்துக்கு நேரே குடித்தனக்காரி விரல் நீட்டியதை அவர் பொறுத்துக்கொண்டு, திறந்த வாயோடு அப்படியே நின்றார்.

காத்திருந்தோம். கிளி தலையைச் சாய்த்தது. க்ளுக்.

மாமா என்னைப் பார்த்தார். தன் நெஞ்சைத் தொட்டு, ‘நானா?’ என்று சைகையில் கேட்டார். நான் தலையாட்டினேன். அவருக்குப் பல்செட். நாக்கைச் சொடுக்கினால் சத்தம் வரவில்லை, வெறும் காற்றுதான் வந்தது. மறுபடி முயன்றார். பொக்கென்று ஏதோ ஒன்று வந்தது. கிளிக்கு அதுவே போதுமாக இருந்தது. உடம்பை உதறிக்கொண்டு, க்ளுக், க்ளுக் என்று பதில் சொன்னது.

கீழே கூட்டம் அவர் இல்லாமலே சொல்லிக்கொண்டிருந்தது. மாமா கொஞ்ச நேரம் அதைக் கேட்டுக்கொண்டு நின்றார். பிறகு தனக்குத்தானே சொல்லிக்கொள்வதுபோல, “அத்தனை பேர் அங்கே இருக்கச்சே இது இங்கே தனியா என்ன பண்ணும்?” என்றார். எங்களைக் கேட்கவில்லை. ஜன்னலுக்குப் போய்க் கொக்கியிலிருந்து கூண்டைக் கழற்றினார். இரண்டு கையாலும் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, முன்னால் படி தெரியாததால் ஒவ்வொரு படியையும் காலால் தடவித் தடவி, பாராயணம் நடக்கிற கூடத்துக்கு இறங்கிப்போனார்.