பூவாத்தாள் காசு கொடுத்துப் போட்ட தோட்டம்

அதெல்லாம் இல்லை. கண் போனதோடு பூவாத்தாளுக்குப் புத்தியும் போய்விட்டது என்று சோமனூர்க் குழாயடியில் பேசுகிறவர்களுக்குப் பாதிக் கதைதான் தெரியும். ஐயாயிரம் ரூபாய்ச் சீட்டை எடுத்தாள், கோயமுத்தூரிலிருந்து தோட்டம் போடுகிற பெண்ணை வரவழைத்தாள், முக்கால்வாசிப் பேர் கண்ணில் படாத பொடக்காணியில், வீட்டுக்குப் பின்னால் இருக்கிற அந்தச் சின்ன இடத்தில், அத்தனையையும் கொட்டினாள். எல்லாம் நிஜம். ஆனால் பார்க்க முடியாதவளுக்குப் பூச்செடி எதற்கு என்று கேட்கிறார்களே, அங்கேதான் தப்பு. பூவைப் பார்க்க அவள் ஒரு காசு செலவழிக்கவில்லை. முழுக்கக் கேட்டுவிட்டு அப்புறம் பேசட்டும்.

அவள் புருஷன் திருமலைசாமிக்கு வீட்டோடு நாலு தறி. கல்யாணமாகி வந்த வருஷத்திலிருந்து அந்தத் தறிகளுக்கு நூலைத் தாராகச் சுற்றிப் போட்டது பூவாத்தாள்தான். முப்பது வருஷம் நூலைத் தொட்ட விரல். இது இருபதாம் நம்பர், இது நாற்பதாம் நம்பர் என்று இருட்டிலும் சொல்வாள். தொண்ணூற்று நாலில் கண் மங்கி, அந்த வருஷக் கடைசியில் ஒரேயடியாக இருட்டாகிவிட்டது. நரம்பு காய்ந்துபோனது, இனி வராது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அதற்குக்கூட அவள் பெரிதாக அழவில்லை. வீட்டுக்குள் எந்தச் சாமான் எங்கே என்று அவளுக்குத் தெரியும்.

ஒருநாள் பொடக்காணியில் துவைக்கிற கல் தடுக்கி விழுந்தாள். முழங்கையில் ஆறு தையல். திருமலைசாமி பாசக்காரர். அவர் செய்த காரியம் என்ன தெரியுமா? மறுநாளே ஆளைக் கூப்பிட்டு அந்தக் கல்லைத் தூக்கிப் போட்டார். ஆட்டுக்கல்லை உருட்டி வெளியே தள்ளினார். வேர் தட்டும் என்று முருங்கையையும் வெட்டினார்.

"இப்ப பாரு புள்ள, மொட்டையா சுத்தமா இருக்குது. தடுக்கறதுக்கு ஒண்ணுமில்ல. தைரியமா போ" என்றார்.

போனாள். நாலு எட்டு வைத்ததும் தான் எங்கே நிற்கிறோம் என்பதே அவளுக்குத் தெரியவில்லை. முன்பெல்லாம் முருங்கை வாசம் வந்தால் தண்ணீர்த் தொட்டி பக்கம், காலில் கல் பட்டால் வலப்புறம் வாசற்படி. இப்போது எந்தப் பக்கம் கை நீட்டினாலும் காற்றுதான். கூப்பிட்டாள். நாலு தறி ஓடுகிற சத்தத்தில் யாருக்குக் கேட்கும்? வெயிலில் அரைமணி நேரம், சொந்த வீட்டுப் பொடக்காணி நடுவில், கூட்டத்தில் தொலைந்துபோனவள் மாதிரி நின்றாள்.

அதோடு சரி. பதினெட்டு மாசம் அவள் பின்வாசற்படியைத் தாண்டவில்லை. அவள் சேலையைத் திருமலைசாமிதான் துவைத்தார். மதிலுக்கு அந்தப் பக்கமிருந்து பக்கத்து வீட்டுக் கருப்பாத்தாள் அதைப் பார்த்துச் சிரித்ததும், அது பூவாத்தாள் காதில் விழுந்ததும் அவளுக்குக் கல் தடுக்கி விழுந்ததைவிட வலித்தது.

நாமே நாலு செடி வைக்கலாம் என்று திருமலைசாமி ஆறு பூந்தொட்டி வாங்கி வந்தார். வெயில் போகிற பக்கமெல்லாம் தொட்டியைத் தூக்கித் தூக்கி மாற்றி வைத்தார். காலையில் இடப்புறம் இருந்த தொட்டி சாயங்காலம் நட்டநடுவில். அதில் ஒன்றை வாசற்படியிலேயே வைக்க, எட்டிக் கால் வைத்தவளுக்கு முழங்காலில் இடி. இங்கேயே வையுங்க என்று அவள் எத்தனை சொல்லியும், "செடிக்கு வெயில் வேணுமல்ல, உனக்கென்ன தெரியும்" என்பார். சும்மா செய்கிறவரை என்ன கேட்க முடியும்?

தொண்ணூற்றாறில் கண்ணாஸ்பத்திரிக்குப் போன இடத்தில்தான் வழி பிறந்தது. அவர் மாத்திரைச் சீட்டுக்கு வரிசையில் நிற்க, இவளை ஆஸ்பத்திரி ஆயா அங்கிருந்த தோட்டத்தில் உட்கார வைத்தாள். காலுக்கடியில் சொரசொரப்பான கல். திரும்புகிற இடத்தில் துளசி வாசம். பூவாத்தாள் எழுந்தாள், கோடி வரைக்கும் போனாள், திரும்பித் தானாகவே வந்து பெஞ்சில் உட்கார்ந்தாள். இதை யார் போட்டது என்று கேட்டு, ஜெனிதா என்ற பேரையும் போன் நம்பரையும் மனப்பாடம் செய்துகொண்டுதான் வீடு வந்தாள்.

ஜெனிதா தோட்டக்கலை படித்த பெண். மில் முதலாளிகள் பங்களாவுக்கெல்லாம் தோட்டம் போடுகிறவள். பஸ் பிடித்து வந்து, பொடக்காணியை அளந்து பார்த்துவிட்டுச் சொன்னாள்:

"படம் போட ஆயிரத்தைந்நூறுங்கம்மா. கல்லு, மண்ணு, செடி, ஆள்கூலி தனி. எல்லாஞ் சேர்ந்து அஞ்சாயிரத்துக்குள்ள வந்துரும்."

மதில் மேல் கருப்பாத்தாளின் தலை தெரிந்தது. "ஏனக்கா, ஒரு காயிதத்துக்கு ஆயிரத்தைந்நூறா? அதுல தங்கமா தடவித் தருவாங்க?"

திருமலைசாமி தறி மோட்டாருக்கென்று அந்தச் சீட்டுப் பணத்தை மனசில் குறித்து வைத்திருந்தவர். "நானே செஞ்சுபோடறனே புள்ள, காசில்லாம" என்றார்.

ஜெனிதாவுக்கும் மனசு இளகிவிட்டது. "அம்மா, உங்களுக்குன்னா படத்துக்குக் காசு வேண்டாமுங்க. சும்மாவே போட்டுத் தரேன்."

பூவாத்தாள் தலையை ஆட்டினாள். "அதெல்லாம் ஆகாது கண்ணு. சும்மா செஞ்சீன்னா, அது நொட்டை இது நொட்டைன்னு நான் வாயத் தொறக்க முடியுமா? இவரு ஆறு தொட்டி சும்மாதான் வெச்சாரு. முழங்காலு இன்னும் வலிக்குது. காசு வாங்கிக்க. நான் சொல்றதைக் கேளு."

திருமலைசாமி எழுந்து தறிப் பக்கம் போனார்.

அடுத்த வாரம் ஜெனிதா படத்தோடு வந்தாள். வந்த பிறகுதான் அவளுக்கே உறைத்தது, இவளிடம் காகிதத்தை நீட்டி என்ன பிரயோசனம்? முகம் சிவந்து நின்றாள். பூவாத்தாள்தான் யோசனை சொன்னாள்.

"ஏனுங்க, ஒரு அட்டையும், ஒட்டறதுக்குத் தறிப் பாவுக்குப் போடற கஞ்சியும் கொண்டாங்க. ரெண்டு நம்பர்லயும் நூலு கொண்டாங்க. தடத்துக்குத் தடி நூலு, சாக்கடைக்குச் சன்ன நூலு. கோடு இருக்கிற பக்கமெல்லாம் ஒட்டு கண்ணு. நான் படிச்சுக்கறேன்."

மூன்று பேருமாக உட்கார்ந்து ஒட்டினார்கள். காய்ந்ததும் பூவாத்தாள் வாசற்படியிலிருந்து விரலைக் கிளப்பினாள். தடி நூல் மேல் விரல் ஊர்ந்தது. பாதியில் நின்றது.

"இங்க எதுக்குக் கண்ணு வளையுது?"

"அது... வளைஞ்சு போனா பார்க்க அழகா இருக்குமுங்கம்மா."

"யாரு பார்க்க?"

ஜெனிதாதான் முதலில் சிரித்தாள். திருமலைசாமி இருமுகிற மாதிரி சிரித்தார். பூவாத்தாள் கண்ணில் நீர் வரச் சிரித்துவிட்டு, "பாத்தியா, ஆயிரத்தைந்நூறு குடுத்ததுனால கேட்டுப்போட்டேன்" என்றாள். வளைவு நூல் உரிந்தது. நேர்த்தடம் ஒட்டியாயிற்று. தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் துவைக்கிற கல் திரும்ப வரவேண்டும் என்றாள். அங்கே ஒரு முடிச்சுப் போட்டு ஒட்டினார்கள்.

வேலை பன்னிரண்டு நாள் நடந்தது. படியிலிருந்து சொரசொரப்பான பலகைக்கல் ஒன்பது. அதன் இரண்டு பக்கமும் மணல். கால் தடம் மாறினால் மணல் சொல்லிவிடும். படியோரம் மரிக்கொழுந்து. தண்ணீர்த் தொட்டிக்குத் திரும்புகிற இடத்தில் குண்டுமல்லி. துவைக்கிற கல் இருக்கிற பக்கம் கறிவேப்பிலைக் கன்று. முருங்கைக் குச்சி ஒன்றும் பழைய இடத்திலேயே நட்டாகிவிட்டது. எல்லாம் மண்ணில் ஊன்றியது, தொட்டியில் எதுவுமில்லை. ஒன்றைக்கூட இடம் மாற்றக்கூடாது என்று திருமலைசாமியிடம் ஜெனிதா கையடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டாள். மொத்தம் நாலாயிரத்துத் தொள்ளாயிரம். மிச்ச நூறில் பூவாத்தாள் துணி சோப்பு வாங்கி வரச் சொன்னாள்.

செடிகள் வேர் பிடிக்கட்டும் என்று மூன்று வாரம் பொறுத்தாள். மாரியம்மன் நோன்புக்கு முந்தின வெள்ளிக்கிழமை காலையில், "உங்க அழுக்கு வேட்டியெல்லாம் குடுங்க" என்றாள்.

"எதுக்கு?"

"பதினெட்டு மாசம் என்ற சேலைய நீங்க தொவைச்சீங்கல்ல. குடுங்க."

வேட்டிகளை இடக்கக்கத்தில் இடுக்கிக்கொண்டாள். வலக்கையில் சோப்பு. பின்வாசலில் நின்றாள். உள்ளே தறிகள் ஓடிக்கொண்டிருந்தன. தான் கூப்பிட்டால் யாருக்கும் கேட்காது என்பது அவளுக்குத் தெரியும். திருமலைசாமிக்கும் தெரியும். அவர் அவசரமாக முன்னால் போய்க் கை நீட்டிக்கொண்டு முதல் கல்லிலேயே நின்றார். அவர் எதிரே நிற்பது வாசத்திலேயே அவளுக்குத் தெரிந்துவிட்டது.

"ஏனுங்க, சித்தே தள்ளி நில்லுங்க. அட்டையில உங்களை ஒட்டலீங்க."

அவர் மணலில் இறங்கி ஒதுங்கினார். மதிலுக்கு அந்தப் பக்கம் குடத்தோடு வந்த கருப்பாத்தாள், குடத்தை இடுப்பிலிருந்து இறக்கவும் மறந்து பார்த்தாள். மரிக்கொழுந்து வாசத்தை ஒரு மூச்சு இழுத்துக்கொண்டு, பூவாத்தாள் படியைத் தாண்டி வலதுகாலை வெளியே வைத்தாள்.