முசியேயின் நாய்

நாங்கள் பிரெஞ்சு பேசும் நகரம் ஒன்றில், கோட்-டெ-நெய்ஜ் என்ற பகுதியில், மூன்றாம் மாடியில் இருந்த காலத்தில், எங்களுக்கு நேர் கீழ்வீட்டில் எஸ்தோனியாக்காரர் ஒருவர் தனியாக இருந்தார். பிரெஞ்சில் ஐயா என்பதுபோல, முசியே என்றுதான் அவரைக் கூப்பிடுவோம். சோவியத் காலத்தில் சினிமாவுக்குத் திரைக்கதை எழுதியவர். எழுதியதெல்லாம் அனுமதிக்காக மாஸ்கோவுக்குப் போகவேண்டுமாம். பாதி திரும்பி வராதாம், வந்த பாதியும் கைகால் இல்லாமல் வருமாம். கடைசிப் படத்தில் அவருடைய பெயரையே வெட்டிவிட்டார்களாம். இதையெல்லாம் கட்டடத்துச் சலவை அறையில், உடுப்புக் காயும்வரை, எங்களோடு இருந்த அம்மாவின் தம்பி, என் மாமாவுக்குச் சொல்வார். ரெஸ்டோரண்டில் கோப்பை கழுவிக் கற்ற பிரெஞ்சை வைத்துக்கொண்டு மாமா பாதியை விளங்கி, மீதியை இட்டுக்கட்டிக்கொள்வார்.

அந்த வருடம் எங்கள் தமிழ்ச் சங்கத்தின் ஆண்டுவிழாவுக்கு மாமா ஒரு நாடகம் எழுதினார். அதில், ஊரில் ஒன்றையொன்று சுட்டுக்கொண்ட இரண்டு இயக்கங்களுக்குப் பிரிந்துபோன மகன்மார் இருவர் ஒரே நாளில் வீட்டுக்கு வருவார்கள். தாய் சோறு போடுவாள். ஒருவர் முகத்தை ஒருவர் பாராமல் சாப்பிட்டுவிட்டுப் போய்விடுவார்கள். தாயாக அம்மா நடிப்பதாக ஏற்பாடு. நாலு பேர் முன்னால் வாய் திறக்காத அம்மா இதற்குச் சம்மதித்தது எனக்குப் பெரிய அதிசயம்.

சங்கத் தலைவர் இந்தக் காட்சியை விடமாட்டார் என்று மாமாவுக்குப் பயம். முசியேயிடம் யோசனை கேட்டார். மறுநாளே நாடகத்தில் ஒரு நாய் வந்து சேர்ந்தது. ஊர்ப் பெரியவர் வாய் திறக்கும்போதெல்லாம் குரைக்கும் நாய். அதிகாரிகள் வெட்டுவதற்கென்றே இப்படி ஒன்றை எழுதிவைப்பது முசியேயின் பழைய தந்திரமாம். அதை வெட்டிய திருப்தியில் மற்றதை விட்டுவிடுவார்களாம். இதை எனக்கு ஒருவரும் சொல்லவில்லை. ஒன்பது வயதான நான்தான் நாய்.

ஒத்திகை பார்க்கத் தலைவர் வந்தார். நான் உயிரைக் கொடுத்துக் குரைத்தேன்.

"இந்த நாய் வேண்டாம். எடுத்துவிடுங்கோ."

"உங்கட விருப்பம் அண்ணை," என்று மாமா முகத்தைத் தொங்கப்போட்டார்.

நான் நிலத்தில் விழுந்து புரண்டு அழுதேன். வால்கூடத் தைத்தாயிற்றே! தலைவர் நல்ல மனிதர். என்னைத் தூக்கி நிறுத்திக் கண்ணைத் துடைத்துவிட்டார்.

"பிள்ளையின்ர மனசை நோகடிக்கக்கூடாது, நாய் இருக்கட்டும். ஆனா நாடகம் நீளம் தம்பி. அந்தச் சோத்துக் காட்சியை எடுங்கோ. பிறகு சனம் என்னைத்தான் ஏசும்."

மாமா அந்தப் பக்கங்களை உருவி எடுத்தார்.

நடந்ததைக் கேட்ட முசியே, சலவை இயந்திரத்தைப் பிடித்துக்கொண்டு கண்ணில் நீர் வரச் சிரித்தார். "என்னுடைய ஒவ்வொரு படத்திலும் ஒரு நாய் வைத்தேன். ஒன்றைக்கூட அவர்கள் விட்டுவைத்ததில்லை," என்று என் தலையைத் தடவினார். பாராட்டு என்றே நான் எடுத்துக்கொண்டேன்.

விழாவன்று மண்டபமே எனக்குக் கைதட்டியது. திரும்பும்போது மெட்ரோவில், "நான் நல்லாக் குரைச்சனானே?" என்று அம்மாவைக் கேட்டேன்.

"ஓம் குஞ்சு," என்றார் அம்மா, ஜன்னல் பக்கம் பார்த்தபடி.

வசனம் பாடமாக்கும் வேலை மிச்சம் என்று அம்மாவுக்கு உள்ளூரச் சந்தோஷமாக இருக்கும் என்று நினைத்தேன். மாமாவைத் தவிர அம்மாவுக்கு இன்னும் இரண்டு தம்பிமார் இருந்தார்கள் என்பது அப்போது எனக்குத் தெரியாது.