ஒரே கைக்குப் பழகிய பெட்டி

பாடவே வராத ஒருத்தி செய்த இசைக்கருவி யாருக்குச் சொந்தம்? ரேடியோ பழுதுபார்க்கும் அந்தப் பெண்ணை நினைத்தால் இந்தக் கேள்விதான் எழுகிறது. அவள் வாய் திறந்தால் சுருதி அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்காது. ஆனாலும் பழைய ரேடியோ பாகங்களைக் கொண்டு, தகடுகளில் விரல் பட்டால் குழைந்து பாடும் மின்பெட்டி ஒன்றைச் செய்தாள். ஒலி சரியா என்று சொல்லத் தங்கை இருந்தாள். தங்கை தொடுவாள், அக்கா திருத்துவாள். பல வருடங்கள் இப்படியே போயின.

கடைசியில் ஒரு கம்பெனி வாங்க முன்வந்தது. மேலாளர் தகட்டைத் தொட்டதும் பெட்டி ஊளையிட்டது.

"என்னம்மா, இதுக்கு என்னைப் பிடிக்கலையா?"

தங்கையின் முகம் வெளுத்தது. அக்கா சிரித்தாள்.

"உங்க மேல தப்பில்ல சார். இது இவ கையைத் தவிர வேற கையைப் பாத்ததே இல்ல. ஈரக் கையும் காஞ்ச கையும் ஒண்ணா? இருங்க, மூடியைக் கழட்டுறேன்."

அவரவர் கைக்கேற்பத் திருப்பிக்கொள்ள அங்கேயே ஒரு குமிழைப் பொருத்தினாள். மேலாளர் மறுபடி தொட்டார், பெட்டி பாடியது. கம்பெனி தன் பெயரைப் போட்டு விற்றது. அவள் பெயரை யாரும் கேட்கவில்லை.

"அடுத்த பெட்டி எனக்குத்தானேக்கா?"

"உனக்குத்தான் கடையிலயே கிடைக்குதேடி."

இரண்டாவது பெட்டியில் அவள் குமிழ் வைக்கவில்லை. தங்கையைத் தொடவும் விடவில்லை. தன் விரலையே தகட்டில் வைத்து, ஒவ்வொரு ஒலியாகத் திருத்தினாள். இந்தப் பெட்டி அவள் கையைத் தவிர வேறு கையைப் பார்க்கவே இல்லை.